மெண்டோசா என்ன பாவம் செய்தார்?

டிஸ்கி: இது பேஸ்பால் பதிவு. "ஆறு மாசம் ஆன்சைட் போய்ட்டு வந்தவன் சீன் போடறான்" என்று நினைப்பவர்கள் இப்பவே எஸ்கேப் ஆகிவிடலாம். கிரிக்கெட் தெரிந்தால் போதும், மிச்சத்தை நான் சொல்லித் தருகிறேன். கொஞ்சம் கோபத்தில் எழுதியது, அதனால் அங்கங்கே சூடு இருக்கும்.

போன மாதம் ஒரு கான்ஃபரன்ஸ் கால். ராத்திரி ஒன்பதரை மணி. கிளையன்ட் பக்கத்து மேனேஜர் ஒரு ஸ்லைடைத் திறந்தார். எங்கள் டெஸ்டிங் டீமில் யார் யார் மாசத்துக்கு எத்தனை பக் பிடித்தார்கள் என்று ஒரு பார் சார்ட். குறுக்கே சிவப்பில் ஒரு கோடு. கோட்டுக்குப் பெயர் 'மெண்டோசா லைன்'. எங்களுக்குப் புரியவில்லை என்று தெரிந்துகொண்டு அவரே விளக்கினார்: மெண்டோசா என்று ஒரு பேஸ்பால் ஆட்டக்காரர் இருந்தார், உலகத்திலேயே படுமோசமான பேட்ஸ்மேன், அவருக்கும் கீழே போனால் வீட்டுக்குப் போகவேண்டியதுதான். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்று தெரியாமலே சிரித்தேன். வேலை அப்படி.

கோட்டுக்குக் கீழே ஒரே ஒரு பெயர்தான் இருந்தது. எங்கள் டீமிலேயே சீனியர், எல்லோரும் அக்கா என்று கூப்பிடுகிற ஆள். அவங்க சிரிக்கவில்லை.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. யார்யா இந்த மெண்டோசா என்று தேட ஆரம்பித்தேன். மூன்று மணி வரை படித்தேன். படிக்கப் படிக்க எரிச்சல்தான் வந்தது. அந்த எரிச்சல்தான் இந்தப் பதிவு.

மரியோ மெண்டோசா. 1950 டிசம்பரில் மெக்சிகோவின் சிவாவாவில் பிறந்தவர். 1974 ஏப்ரலில் பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணிக்காக மேஜர் லீகில் முதல் ஆட்டம். அங்கே ஐந்து சீசன், சியாட்டில் மாரினர்ஸில் இரண்டு, டெக்சாஸ் ரேஞ்சர்ஸில் இரண்டு. 1982-இல் முடிந்தது. மொத்தம் 686 ஆட்டம், 1,337 தடவை பேட்டிங், 287 ஹிட், நாலே நாலு ஹோம் ரன். சராசரி .215.

பேஸ்பாலில் சராசரி என்பது நம்ம கிரிக்கெட் சராசரி மாதிரி இல்லை. எத்தனை தடவை ஆடினாய், அதில் எத்தனை தடவை ஒழுங்காக அடித்து பேஸுக்குப் போனாய், இதை அதால் வகுத்தால் வருவதுதான். பத்துக்கு மூன்று அடித்தால் .300, ஊரே கொண்டாடும். .250 என்றால் பரவாயில்லை ரகம். அஞ்சுக்கு ஒன்று என்றால் .200. அந்த .200-க்குத்தான் மெண்டோசா லைன் என்று பெயர்.

இங்கேயே முதல் கேள்வி. மெண்டோசாவின் ஆயுட்கால சராசரி .215. கோடு .200-இல். அதாவது மெண்டோசாவே மெண்டோசா லைனுக்கு மேலேதான் இருக்கிறார்! ஒரு ஆளின் பெயரால் ஒரு கோடு கிழித்தீர்கள், சரி. அதையாவது அந்த ஆள் நின்ற இடத்தில் கிழித்திருக்கக் கூடாதா? பதினைந்து புள்ளி கீழே இறக்கி அவமானப்படுத்துவது என்ன நியாயம்?

கதை எப்படி ஆரம்பித்தது என்பதைப் பரவலாகச் சொல்கிறபடியே சொல்கிறேன். அந்தக் காலத்தில் அமெரிக்க ஞாயிற்றுக்கிழமை பேப்பர்களில் எல்லா ஆட்டக்காரர்களின் சராசரியையும் வரிசையாகப் பொடி எழுத்தில் போடுவார்கள். மேலே நட்சத்திரங்கள், கீழே நம்ம ஆள். சியாட்டிலில் மெண்டோசாவோடு ஆடிய டாம் பச்சோரெக், புரூஸ் போக்டி ஆகிய இரண்டு பேர் இதை வைத்து அவரைக் கலாய்த்திருக்கிறார்கள். கூட ஆடுகிறவன் கலாய்ப்பது சகஜம், அதில் எனக்குப் பிரச்சினை இல்லை. 1980 சீசன் ஆரம்பத்தில் கேன்சஸ் சிட்டி ராயல்ஸின் ஜார்ஜ் பிரெட் கொஞ்சம் தடுமாறியபோது, "பார்த்துப்பா, மெண்டோசா லைனுக்குக் கீழே போயிடப்போற" என்று அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். பிரெட் அதை ஈ.எஸ்.பி.என். சானலின் கிறிஸ் பெர்மனிடம் சொல்ல, அவர் டிவியில் திரும்பத் திரும்பச் சொல்ல, முடிந்தது கதை. டிரெஸ்ஸிங் ரூம் ஜோக் ஒன்று அகராதிச் சொல் ஆகிவிட்டது.

இதில் வேடிக்கை என்னவென்றால், தடுமாறிய அந்த பிரெட் 1980-ஐ .390-இல் முடித்தார். 1941-இல் டெட் வில்லியம்ஸ் .406 அடித்த பிறகு அதுவரை யாரும் தொடாத உயரம். பிற்பாடு 1994-இல் டோனி க்வின் .394 அடித்தார், அது வேறு. உச்சாணிக் கொம்பில் இருக்கிற ஒருத்தர் போகிறபோக்கில் சொன்ன கிண்டல், அடிக்கிளையில் தொங்குகிறவன் கழுத்தில் ஆயுளுக்கும் மாட்டிக்கொண்டது. சரி, அதே 1980-இல் மெண்டோசா எவ்வளவு அடித்தார் தெரியுமா? .245. அவர் வாழ்க்கையிலேயே சிறந்த வருடம் அதுதான். அவர் நன்றாக ஆடிய வருடத்தில்தான் அவர் பெயர் மோசத்துக்கு மறுபெயராக ஊர் சுற்ற ஆரம்பித்தது. விதி என்பது இதுதான் போல.

இப்ப எதிர்க்கட்சி வக்கீலாகவும் நானே பேசிவிடுகிறேன். இல்லாவிட்டால் பின்னூட்டத்தில் வந்து கும்முவீர்கள். மெண்டோசா நல்ல பேட்டரா? இல்லை. ஒன்பது சீசனில் ஐந்து தடவை .200-க்குக் கீழே. 1975-இல் .180, 1976-இல் .185, 1977-இல் .198, 1979-இல் மறுபடி .198, கடைசி வருடம் 1982-இல் .118. இதற்கு வக்காலத்து வாங்க முடியாது, வாங்கவும் போவதில்லை. பேட்டிங் வரவில்லை. ஒப்புக்கொள்கிறேன். நான் கேட்பது வேற. பேட்டிங் வராத ஆளை மூன்று அணிகள் ஒன்பது வருடம் ஏன் வைத்துக்கொண்டிருந்தன? தர்ம சத்திரமா நடத்தினார்கள்?

அங்கேதான் அந்தச் சிரித்தவர்கள் யாருமே பார்க்காத விஷயம் இருக்கிறது. மெண்டோசா ஷார்ட்ஸ்டாப். இரண்டாவது பேஸுக்கும் மூன்றாவது பேஸுக்கும் நடுவே நிற்கிற ஆள். வலதுகை பேட்டர் இழுத்து அடித்தால் பந்து பெரும்பாலும் அந்தப் பக்கம்தான் பறந்து வரும், தரையில் குதித்து, மண்ணில் பட்டு, எந்தப் பக்கம் திரும்பும் என்றே தெரியாமல். அதைப் பிடித்து, உடம்பைத் திருப்பி, மைதானத்தின் குறுக்கே முதல் பேஸுக்கு எறியணும். பேட்டர் முதல் பேஸுக்கு ஓடுவது 90 அடி. நாலு நொடிச் சொச்சம். அந்த நாலு நொடிக்குள் பிடி, திரும்பு, எறி, எல்லாம் முடிந்தாக வேண்டும். பந்து கையில் கொஞ்சம் தத்தினால்கூட ஆள் தப்பிவிடுவான். இன்ஃபீல்டில் இதைவிடக் கஷ்டமான இடம் கிடையாது. மெக்சிகோவில் மெண்டோசாவுக்கு வைத்த பட்டப்பெயருக்கு அர்த்தம் 'பட்டுக் கைகள்'. கவனியுங்கள், சொந்த ஊர்க்காரன் கையைப் பார்த்துப் பெயர் வைத்தான். அமெரிக்காக்காரன் பேப்பரின் கடைசி வரியைப் பார்த்துப் பெயர் வைத்தான்.

நம்ம ஊர்க் கணக்கில் சொன்னால் ஏக்நாத் சோல்கர். ஷார்ட் லெக்கில் ஹெல்மெட் இல்லாமல் பேட்ஸ்மேன் மூக்குக்குக் கீழே நின்று 27 டெஸ்டில் 53 கேட்ச் பிடித்த மனுஷன். அவர் பேட்டிங் சராசரி 25 சொச்சம். பெரிசா என்ன? ஆனால் சோல்கர் என்றால் நமக்கு அந்த கேட்ச்தானே ஞாபகம் வருகிறது? சந்திரசேகர் 58 டெஸ்டில் 242 விக்கெட் எடுத்தார், அடித்த ரன் 167. எடுத்த விக்கெட்டைவிட அடித்த ரன் கம்மி. 'சந்திரசேகர் கோடு' என்று யாராவது கிழித்தோமா? அவர் வேலை வேற என்று நமக்குத் தெரியும்.

பேஸ்பாலுக்கும் இது தெரியும் என்பதுதான் எரிச்சலைக் கிளப்புகிறது. 1973-இல் அமெரிக்கன் லீக் ஒரு விதி கொண்டுவந்தது. பிட்சர்களுக்கு பேட்டிங் வருவதில்லை, பாவம், அதனால் அவர்களுக்குப் பதிலாக அடிக்க மட்டும் தனியாக ஓர் ஆள் வரலாம் என்று. அதாவது, எறிகிறவனை அடிக்கவில்லை என்று குறை சொல்லக் கூடாது. நல்ல விதி. ஆனால் அதே லீகில், 1979-இல், பிடிக்கிறவனை மட்டும் ஏன் அடிக்கவில்லை என்று கேட்டுக் கிண்டல் செய்து கோடு கிழித்தார்கள். ஒரு கண்ணில் வெண்ணெய், மறு கண்ணில் சுண்ணாம்பு என்று பாட்டி சொல்லுமே, அதேதான்.

1979-ஐக் கொஞ்சம் நோண்டிப் பார்ப்போம், ஏனென்றால் அந்த ஒரு வருடம்தான் அவர் தலையில் கல்லைப் போட்டது. 148 ஆட்டம், 373 தடவை பேட்டிங், 74 ஹிட். கால்குலேட்டரை எடுங்கள். 74-ஐ 373-ஆல் வகுத்தால் .198. 75 ஹிட் அடித்திருந்தால்? .201. ஒரே ஒரு ஹிட்! ஏப்ரலில் இருந்து செப்டம்பர் வரை ஏதோ ஒரு நாள், ஏதோ ஒரு பந்து, எதிரணி ஷார்ட்ஸ்டாப் கையில் படாமல் ஓர் அடி தள்ளிப் போயிருந்தால் அந்த வருடம் கோட்டுக்கு மேலே. (அதைத் தடுத்த ஷார்ட்ஸ்டாப்பும் இவரை மாதிரியே பட்டுக்கைக்காரனாக இருந்திருப்பான். கடவுளின் நகைச்சுவை உணர்வுக்கு அளவே இல்லை.)

இன்னொரு கணக்கு. ஷார்ட்ஸ்டாப்புக்கு .250 வந்தால் யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். 373-இல் .250 என்றால் 93 ஹிட். மெண்டோசா 74. வித்தியாசம் 19. எத்தனை ஆட்டத்தில்? 148-இல். அதாவது எட்டு ஆட்டத்துக்கு ஒரு ஹிட் குறைவு. ஷார்ட்ஸ்டாப்புக்கு ஓர் ஆட்டத்தில் நாலைந்து பந்தாவது வரும். எட்டு ஆட்டத்தில் முப்பதுக்குக் குறையாது. அந்த முப்பதில், இன்னொருத்தன் விட்டிருக்கக்கூடிய ஒரே ஒரு பந்தை மெண்டோசா பிடித்துவிட்டால் கணக்கு கிட்டத்தட்ட சரியாகிவிடும். எதிரணிக்குப் போக வேண்டிய ஹிட் ஒன்று போகவில்லை, நமக்கு வரவேண்டிய ஹிட் ஒன்று வரவில்லை. மைதானத்தில் இரண்டும் ஏறக்குறைய ஒரே எடை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை பேப்பரில்? வராத ஹிட் பொடி எழுத்தில் வரும். தடுத்த ஹிட்டுக்கு ஒரு கட்டமே கிடையாது. அப்போது பெரிதாகப் பேசப்பட்ட ஃபீல்டிங் கணக்கு 'எர்ரர்'. அதாவது நழுவவிட்டால் எண்ணுவார்கள், எட்டாத பந்தை எட்டிப் பிடித்தால் எண்ண மாட்டார்கள். ஓடாமல் நின்ற இடத்திலேயே நிற்கிறவனுக்கு எர்ரர் கம்மியாகத்தான் இருக்கும்!

இதைப் படித்தபோதுதான் எனக்கு அந்த பார் சார்ட் ஞாபகம் வந்தது. எங்க அக்கா பக் லாக் பண்ணுவது கம்மி, உண்மைதான். ஏன் கம்மி? டிசைன் டாக்குமெண்ட் வரும்போதே டெவலப்பர் சீட்டுக்குப் போய், "தம்பி, இந்த ஃபீல்டு காலியா வந்தா என்ன ஆகும்?" என்று கேட்டுவிட்டு வந்துவிடுவாங்க. என்னிடமே எத்தனை தடவை கேட்டிருப்பாங்க! பக் பிறப்பதற்கு முன்னாலேயே காலி. பிறக்காத பக்குக்கு நம்பர் கிடையாது. நம்பர் இல்லாதது சார்ட்டில் ஏறாது. சரி, இதை இங்கேயே நிறுத்துகிறேன், மறுபடி பேஸ்பால்.

இன்னும் ஒரு விஷயம் என்னை உறுத்துகிறது. அதே 1979-இல் மற்ற ஷார்ட்ஸ்டாப்கள் என்ன கிழித்தார்கள் என்று பார்த்தேன். சான் டியாகோ அணியில் ஆஸி ஸ்மித், இரண்டாவது வருடம். .211. அடுத்த வருடம் .230, அதற்கடுத்த வருடம் .222. அதே ஆஸி ஸ்மித்தை 2002-இல் ஹால் ஆஃப் ஃபேமில் சேர்த்தார்கள், ஃபீல்டிங்குக்காகவே. பால்டிமோரில் மார்க் பெலாஞ்சர். எட்டு தடவை கோல்டு கிளவ் வாங்கியவர், ஆயுட்கால சராசரி .228. அந்த 1979-இல் அவர் அடித்தது .167. மெண்டோசாவைவிட முப்பது புள்ளி கீழே, அதே லீகில், அதே வருடத்தில்! அவர் அணி அந்த வருடம் வேர்ல்டு சீரிஸ் இறுதிவரை போனது. ஏன் 'பெலாஞ்சர் லைன்' இல்லை? கேட்சர் பாப் யூக்கர் ஆறு சீசன் ஆடினார், ஆயுட்கால சராசரி அச்சாக .200. கோட்டுக்கு அவர் பெயர்தான் கச்சிதமாகப் பொருந்தும். ஆனால் அவர் வர்ணனையாளர் ஆகி, தன் மோசமான பேட்டிங்கைத் தானே கிண்டல் செய்து, அதையே தொழிலாக்கி, 2003-இல் அதற்கான பெரிய விருதும் வாங்கி, 2025-இல் இறக்கிறவரை ஊரின் செல்லப்பிள்ளையாக இருந்தார். தன் கதையைத் தானே மைக்கில் சொல்ல அவருக்கு வாய்ப்பு இருந்தது. மெண்டோசாவின் கதையை மைக் வைத்திருந்தவர்கள் சொன்னார்கள். தாய்மொழி ஸ்பானிஷ், ஊர் சிவாவா, ஆடியது தோற்கிற அணி. 1979-இல் சியாட்டில் 67 ஜெயித்து 95 தோற்றது. இனவெறி என்று பெரிய வார்த்தை எல்லாம் சொல்லவில்லை. யாரைக் கிண்டல் செய்தால் திருப்பிக் கேட்க ஆள் இல்லையோ அவன் பெயர்தான் பழமொழி ஆகும், அவ்வளவுதான் சொல்கிறேன். 1981-இல் இன்னொரு மெக்சிகோக்காரர் பெர்னாண்டோ வலென்சுவேலா வந்து லாஸ் ஏஞ்சலஸையே கிறுக்குப் பிடிக்க வைத்தார். அதற்கு முன்னால் வந்தவர்கள் எல்லாம் பாதை போட்ட ஆட்கள், பேனர் கிடைக்காத ஆட்கள்.

அவர் நேரத்தையும் பாருங்கள். 1978 டிசம்பரில் பிட்ஸ்பர்க் அவரை சியாட்டிலுக்குத் தள்ளிவிட்டது. அந்தக் கைமாற்றில் பதிலுக்கு வந்தவர்களில் ஒருவர் என்ரிகே ரோமோ, அவரும் மெக்சிகோக்காரர், பிட்சர். அடுத்த வருடமே, 1979-இல், பிட்ஸ்பர்க் பால்டிமோரை 4-3 என்று வீழ்த்தி வேர்ல்டு சீரிஸ் ஜெயித்தது. ரோமோ கையில் மோதிரம். நம்ம ஆள் ஐந்து வருடம் குப்பை கொட்டிய வீட்டில் கல்யாணம், இவர் சியாட்டிலில் .198. 1980 டிசம்பரில் மறுபடி ஒரு கைமாற்று, பதினோரு பேரைப் பண்டமாற்று செய்த பெரிய வியாபாரம், அதில் ஒரு மூட்டையாக டெக்சாஸுக்கு. உன்னைக் கேட்டா செய்வார்கள்? காலையில் சொல்வார்கள், சாயந்திரம் ஃபிளைட். பிராஜெக்ட் மாற்றி அடித்த அனுபவம் இருக்கிறவர்களுக்கு இது புரியும்.

இந்த மாதிரி ஆட்களை அங்கே 'ஜர்னிமேன்' என்கிறார்கள். ஊர் ஊராகப் பயணம் போகிறவன் என்றுதான் நானும் நினைத்துக்கொண்டிருந்தேன். இல்லையாம். பிரெஞ்சில் 'ஒரு நாள்' என்பதிலிருந்து வந்த சொல். தொழில் கற்று முடித்தவன், ஆனால் சொந்தப் பட்டறை இல்லாதவன், நாள் கூலிக்குப் போகிறவன். நம்ம ஊர் கொத்தனார் மாதிரி. கொத்தனார் என்பது திட்டு வார்த்தையா? வேலை தெரிந்தவன் என்றுதானே அர்த்தம்? ராய்ஸ் கிளேட்டன் என்று ஒரு ஷார்ட்ஸ்டாப், 1991-இலிருந்து 2007 வரை பதினேழு சீசனில் பதினோரு அணிகளுக்கு ஆடியிருக்கிறார். பதினோரு முதலாளி! ஒவ்வொருத்தனும் ஷார்ட்ஸ்டாப் இல்லாமல் தவிக்கும்போது, அந்த ஆளைக் கூப்பிடு, அவன் வந்தால் ஒழுங்காகச் செய்வான் என்று கூப்பிட்டிருக்கிறான். நட்சத்திரங்கள் போஸ்டரில் இருப்பார்கள். வருடத்துக்கு 162 ஆட்டம் நடப்பது இவர்களை வைத்துத்தான்.

அப்புறம் இந்த 'உலகத்திலேயே படுமோசம்' என்கிற உளறல். ஐயா, நிஜமாகவே மோசமானவனை யாரும் 148 ஆட்டம் ஆடவிட மாட்டார்கள். இருபது தடவை ஆடி இரண்டு ஹிட் அடித்துவிட்டு மைனர் லீகுக்குத் திரும்பிப் போய், அங்கிருந்து வீட்டுக்குப் போனவர்கள் எக்கச்சக்கம். அவர்கள் சராசரி மெண்டோசாவைவிடப் படுகேவலம். அவர்கள் பெயரில் கோடு இல்லை, ஏனென்றால் கோடு போடுகிற அளவுக்கு அவர்கள் அங்கே இருக்கவே இல்லை. .198 அடித்தும் 148 ஆட்டம் ஆட வேண்டுமென்றால் வேறு ஏதோ ஒன்றில் நீ அசுரனாக இருக்கணும். நம்பரைத் தலைகீழாகப் படித்திருக்கிறார்கள். அது அவமானச் சின்னம் இல்லை, அவர் கைக்குக் கிடைத்த சர்ட்டிபிகேட்.

இதெல்லாம் பழைய கதை, இப்போது எல்லோரும் புத்திசாலி ஆகிவிட்டார்கள் என்பீர்கள். ஆமாம், ஆகிவிட்டார்கள், அதிலும் ஒரு கூத்து இருக்கிறது. 2021-இல் ஜோயி கேலோ .199 அடித்தார், கூடவே 38 ஹோம் ரன், கோல்டு கிளவ். 2023-இல் பிலடெல்பியாவின் கைல் ஷ்வார்பர் .197. மெண்டோசாவின் .198-ஐவிட ஒரு புள்ளி கீழே! ஆனால் 47 ஹோம் ரன். நாலு வருடத்துக்கு 79 மில்லியன் டாலர் ஒப்பந்தத்தில் இருந்தவர். யாராவது அவரை வீட்டுக்குப் போகச் சொன்னார்களா? சராசரி மட்டும் பார்க்கக் கூடாது, அவர் வேறு விதத்தில் மதிப்பு தருகிறார் என்று பத்தி பத்தியாக விளக்கினார்கள். சரியான விளக்கம்தான். நானும் ஒப்புக்கொள்கிறேன். அதே விளக்கம் 1979-இல் மெண்டோசாவுக்கு ஏன் பொருந்தவில்லை? அவரும் வேறு விதத்தில்தானே மதிப்பு தந்தார்? பணக்காரன் தலை கலைந்திருந்தால் ஸ்டைல், ஏழை தலை கலைந்திருந்தால் எண்ணெய் வாங்க வக்கில்லை. 2022-இல் மொத்த லீகின் சராசரியே .243-க்கு இறங்கிவிட்டது, 1968-க்குப் பிறகு அவ்வளவு கீழே போனதே இல்லை. மெண்டோசாவின் 1980 சீசன் அந்த வருடக் கணக்கில் சராசரிக்கும் மேலே. இப்பவும் டிவிக்காரர்கள் அவர் பெயரைச் சொல்லித்தான் சிரிக்கிறார்கள்.

மெக்சிகோ என்ன செய்தது? அமெரிக்காவில் கடையைக் கட்டிய பிறகு அவர் ஊருக்குத் திரும்பி மெக்சிகன் லீகில் இன்னும் ஏழு சீசன் ஆடினார். அங்கே .291. அப்புறம் பயிற்சி, மேனேஜர் வேலை என்று பேஸ்பாலைவிட்டு நகரவே இல்லை. 2000-இல் மெக்சிகோ அவரைத் தன் ஹால் ஆஃப் ஃபேமில் சேர்த்தது. ஒரே ஆள்தான். ஒரு நாட்டில் மண்டபத்தில் படம், பக்கத்து நாட்டில் பார் சார்ட்டில் சிவப்புக் கோடு.

"அவரே இதைப் பெரிசா எடுத்துக்கலையே, உனக்கென்ன?" என்று ஒரு நண்பன் கேட்டான். அவர் பெருந்தன்மையாகச் சிரித்துவிட்டுப் போவது அவர் குணம். அதை வைத்து நாம் தொடர்ந்து கிண்டல் செய்யலாம் என்று லைசன்ஸ் எடுத்துக்கொள்வது நம்ம குணம். அதுவும் பேஸ்பால் பந்தை வாழ்நாளில் தொட்டுக்கூடப் பார்க்காத நாங்கள் எட்டு பேர், எங்கள் ஆபீசில் உட்கார்ந்துகொண்டு, ராத்திரி ஒன்பதரை மணிக்கு, ஹால் ஆஃப் ஃபேமில் இருக்கிற ஒரு ஷார்ட்ஸ்டாப்பைப் பார்த்துச் சிரித்தோம். அந்தச் சிரிப்பில் என்னுடையதும் ஒன்று.

அடுத்த காலில் நான் வாயைத் திறந்தேன். இங்கே எழுதியது எல்லாம் சொல்லவில்லை, அவ்வளவு தைரியம் கிடையாது. 74 ஹிட், 75 ஹிட் கணக்கை மட்டும் சொன்னேன். அப்புறம் கடந்த ரிலீசில் டிசைன் ரிவ்யூவிலேயே அடைத்த ஓட்டைகளின் பட்டியலை மெயிலில் அனுப்பியிருப்பதாகச் சொன்னேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் மௌனம். அப்புறம், "இன்ட்ரஸ்டிங்" என்றார் மேனேஜர்.

இந்த மாச ஸ்லைடு நேற்று வந்தது. 'மெண்டோசா லைன்' என்ற பெயரைக் காணோம், 'பேஸ்லைன்' என்று மாற்றியிருக்கிறார்கள். கோடு அதே இடத்தில்தான் இருக்கிறது. நான் அனுப்பிய பட்டியலுக்குக் கட்டம் எதுவும் இல்லை. அக்கா இந்தத் தடவையும் கோட்டுக்குக் கீழேதான். ஸ்லைடைப் பார்த்துவிட்டு என் சீட்டுக்கு வந்தாங்க. ஏதோ கேட்கப்போறாங்க என்று நினைத்தேன். "தம்பி, அந்தத் தேதி ஃபீல்டுல 29 பிப்ரவரி போட்டுப் பாத்தியா?" என்றாங்க. போட்டுப் பார்க்கவில்லை.